உங்களுக்குத் தெரியுமா? மதுரைக்குப் போன மாய வழி
செக்காலையிலிருந்து மேலூர் வழியாக அழகர்கோவிலுக்குப் போகிறீர்களா? சிலப்பதிகாரத்தில் அங்குள்ள மலைக்குள், மதுரைக்குப் போகும் வழிகளில் ஒன்றில், ஒரு குகை உண்டு. வரோத்தமை என்ற தெய்வப்பெண் கேட்கும் கேள்விக்கு விடை சொன்னால்தான் கதவு திறக்கும். உள்ளே மூன்று பொய்கைகள். ஒன்றில் மூழ்கினால் இந்திரனின் நூலறிவு, இன்னொன்றில் முற்பிறப்பு நினைவு, மூன்றாவதில் நினைத்ததெல்லாம் கைகூடும்.

கோவலன், கண்ணகியோடு மதுரைக்கு நடந்த துறவி கவுந்தியடிகள் அந்த வழியை மறுத்தார். அவர்கள் போன நடுவழியிலும் ஒரு சோதனை காத்திருந்தது. முல்லையும் குறிஞ்சியும் திரிந்து பாலையாகிவிடும் கோடைக்காலம் அது. தண்ணீருக்காகப் பொய்கைக்கரையில் நின்ற கோவலனின் காலில், மாதவியின் தோழி வசந்தமாலையாக உருமாறி வந்து விழுந்தது கானுறை தெய்வம். கொற்றவை மந்திரத்தைச் சொன்னதும் வேடம் கலைந்தது. இதைக் கண்ணகியிடம் சொல்லாதே என்று கேட்டுக்கொண்டு மறைந்தது. இளங்கோவின் கற்பனை உச்சம் தொடும் இடம். மதுரைக் காண்டத்தின் முதல் பகுதியான காடுகாண் காதையை அவசியம் படியுங்கள்.