ஒப்பந்தம் முடிந்தது, நியாயமும் முடிந்ததா?

ஆலங்குடி போன்ற ஊர்களில் ஏழைக் குடியானவனுக்கு நோய் வந்தால் சர்க்கார் ஆஸ்பத்திரியே கதி. அங்கே இரவெல்லாம் விழித்திருக்கும் தாதி நிரந்தர உத்தியோகஸ்தரா, ஒப்பந்தக்காரரா என்று எந்த நோயாளியும் விசாரிப்பதில்லை. விசாரிப்பது கஜானா ஒன்றே.

2020-இல் கொரோனாக் கொள்ளைநோய் தாக்கியபோது, மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியத்தின் மூலம் தாதிமார் பலர் அவசரமாக அமர்த்தப்பட்டனர். அவர்களில் 2,000-க்கும் மேற்பட்டோரின் ஒப்பந்தம் 2022 டிசம்பர் 31-க்குப் பின் நீட்டிக்கப்படவில்லை. வேறு திட்டங்களில் இடமளிப்பதாகச் சர்க்கார் பின்னர் கூறியது மெய்யே. ஆயினும், ஆபத்தில் அழைத்தவர்களை ஆபத்து நீங்கியதும் அனுப்பிவிட்ட செயல் ஜனங்களின் மனத்தை உறுத்தாமற் போகவில்லை.

இத்தகையோர் கோர்ட்டுக்குச் சென்றால் சட்டம் என்ன சொல்லும்? உமாதேவி வழக்கில் 2006-இல் சுப்ரீம் கோர்ட் தெளிவாகக் கூறிவிட்டது: நெடுநாள் உழைத்தமையால் மட்டும் ஒப்பந்த ஊழியருக்கு நிரந்தர உத்தியோக உரிமை பிறந்துவிடாது. பகிரங்கப் போட்டியின்றிச் சர்க்கார் உத்தியோகம் வழங்கலாகாது என்னும் இக்கொள்கையை நாமும் மதிக்கிறோம்.

ஆனால் சட்டத்துக்கு இன்னொரு முகமும் உண்டு. தண்டனையாக நீக்குவதாயின் தற்காலிக ஊழியரையும் விசாரிக்க வேண்டுமென்பது 1957-ஆம் வருஷத்துத் தீர்ப்பு. காரணமின்றி நோட்டீஸ் கொடுத்து நிரந்தர ஊழியரை விலக்க இடந்தந்த ஷரத்தொன்று, சர்க்கார் கம்பெனியினுடையதாயினும், 1986-இல் செல்லாதாக்கப்பட்டது. ஒப்பந்தக் காலம் முடிந்தாலும் பிரசவ காலச் சலுகை முழுவதும் தரப்பட வேண்டுமென, டில்லி சர்க்கார் ஆஸ்பத்திரி ஒன்றில் பணியாற்றிய பெண் டாக்டரின் வழக்கில் 2023-இல் தீர்ப்பாயிற்று. 2018-இல் முன்னறிவிப்பின்றி விலக்கப்பட்ட மத்திய நீர் கமிஷன் துப்புரவுப் பணியாளர்களை, 2024 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட் மீண்டும் வேலையில் அமர்த்தியது. உமாதேவி தீர்ப்பை நெடுங்கால ஊழியருக்கு எதிரான ஆயுதமாக்கலாகாது என்றும் எச்சரித்தது.

எனினும் அந்த நீதி கிட்ட ஆறு வருஷமாயிற்று என்பதைக் கவனிக்க வேண்டும். ஆலங்குடித் தாதி ஒருவர் 226-ஆவது ஷரத்தின்படி ரிட் மனுச் செய்ய மதுரை ஹைகோர்ட் கிளைக்குப் போக வேண்டும். வருமானத்தை இழந்தவர் வக்கீல் பீஸுக்கு எங்கே போவார்? வலியவரோடு வழக்காடும் எளியவருக்குத் தாமதமே தோல்வி.

ஆகவே சர்க்கார் கோர்ட்டின் கட்டளைக்குக் காத்திராமல் தானே முறை வகுக்க வேண்டும். விலக்குவதற்கு முன் போதிய அவகாசமும் எழுத்து மூலமான காரணமும் தருக. குற்றஞ்சாட்டினால் பதில் சொல்ல இடமளித்திடுக. வேலை நிரந்தரமாயின் அதற்கான ஸ்தானத்தையும் நிரந்தரமாக்கிப் பகிரங்கமாகத் தேர்வு நடத்துக. அதில் முன்னரே உழைத்தவரின் அனுபவத்துக்கு மதிப்பளித்திடுக.

நோய்க்குக் கெடு வைத்து ஒப்பந்தம் எழுத முடியாது. நோயாளியைக் காப்பவரின் வாழ்வை மட்டும் பதினொரு மாதக் கடுதாசியில் தொங்கவிடுவது எந்த நியாயம்?