காயமும் காரணமும்: மோட்டார் சைக்கிள் விபத்துகளை மருத்துவக் குறியீடு நோக்கும் முறை

வைத்தியசாலைப் புள்ளிவிபரங்களைச் சமூக ஆய்வாளர் அடிக்கடி எடுத்தாள்வர். ஆயினும் அவை எவ்வாறு ஆக்கப்படுகின்றன என்பதை நம்மவர் நோக்குவது அரிது. நோயாளரின் குறிப்பேட்டில் வைத்தியர் எழுதிய சொற்கள், எழுத்தும் இலக்கமும் இணைந்த குறியீடாக மாற்றப்பட்ட பின்னரே எண்ணத்தக்கனவாகின்றன. அம்மாற்றத்தின்போது எது பேணப்படுகிறது, எது கைவிடப்படுகிறது என்பதை எழுதுவினைஞரின் கருமம் மாத்திரமே என ஒதுக்கிவிட முடியாது. மோட்டார் சைக்கிள் விபத்துக் காயங்களை முன்வைத்து இதனைச் சிறிது விளக்க முற்படுவோம்.

நோய்களின் சர்வதேச வகைப்பாடு, தோற்றத்தில் மரணங்களின் பட்டியலேயாகும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் இங்கிலாந்தின் வில்லியம் ஃபார் தொடக்கிவைத்த முயற்சியின் வழிவந்து, பிரான்சியப் புள்ளிவிபரவியலாளர் ஜாக் பெர்த்தியோன் தயாரித்த மரண காரணப் பட்டியல் 1893இல் சிக்காகோவில் ஏற்றுக்கொள்ளப்பட்டது. உலக சுகாதார நிறுவனம் பொறுப்பேற்ற ஆறாம் திருத்தத்திலேயே (1948) உயிருடன் இருக்கும் நோயாளரும் அதனுள் இடம்பெற்றனர். காயம் என்ன, அதனை விளைத்தது எது என்ற இரு கேள்விகளுக்கும் வெவ்வேறு குறியீடு வழங்கும் முறையும் அத்திருத்தத்துடனேயே நிலைபெற்றது. 1990இல் அங்கீகரிக்கப்பட்ட பத்தாம் திருத்தத்தில் எஸ், டீ என்னும் எழுத்துகள் காயத்தின் தன்மையைக் குறிக்கின்றன. வீ முதல் வை வரையிலான எழுத்துகள் வெளிக்காரணத்துக்கு உரியன.

ஓர் எடுத்துக்காட்டைக் கற்பனை செய்வோம். இருவர் செல்லும் மோட்டார் சைக்கிளில் லொறியொன்று மோதுகின்றது. ஓட்டியவர் மூளையுறையின்கீழ் ஏற்பட்ட இரத்தக்கசிவினால் இறக்கின்றார். பின்னாலிருந்தவருக்குக் கீழ்க்காலின் பெரிய எலும்பு முறிகின்றது. மோட்டார் சைக்கிளில் சென்றவர்களுக்கு வீ 20 முதல் வீ 29 வரையான பகுதி ஒதுக்கப்பட்டுள்ளது. மோதப்பட்டது பாதசாரியோ விலங்கோ எனின் வீ 20, கார் அல்லது வான் எனின் வீ 23, பஸ் அல்லது லொறி போன்ற கனரக வாகனம் எனின் வீ 24, மரம், சுவர் முதலிய அசையாப் பொருள் எனின் வீ 27, மோதலின்றிச் சறுக்கி வீழ்ந்தால் வீ 28. புள்ளிக்குப் பின்வரும் இலக்கம் ஓட்டியவரையும் உடன் சென்றவரையும் வேறுபடுத்துகின்றது. ஆகவே, இறந்தவரின் காயம் எஸ் 06.5, காரணம் வீ 24.4. தப்பியவரின் காயம் எஸ் 82.2, காரணம் வீ 24.5. குற்றம் யாருடையது என்பதை இக்குறியீடு கேட்பதில்லை. தலைக்கவசம் அணிந்திருந்தாரா என்பதற்கும் இதில் இடமில்லை.

இனித்தான் சிக்கல் எழுகின்றது. மரணத்தைப் பொறுத்தவரை, அடிப்படைக் காரணமாகக் கொள்ளப்படுவது உயிரிழப்பை விளைத்த காயத்தை உண்டாக்கிய விபத்தின் சூழ்நிலையே. எனவே இறந்தவர் வீ 24 என்ற காரணத்தின்கீழ் எண்ணப்படுவார். சிகிச்சை பெறுவோர் விடயத்திலோ விதி வேறு. அங்கே முதன்மை நிலை காயத்தின் தன்மையே. வெளிக்காரணம் மேலதிகக் குறியீடாக மாத்திரம் சேர்க்கப்படலாம். எனவே ஒரே மோதலில் சிக்கிய இருவரில் இறந்தவர் மோட்டார் சைக்கிள் ஓட்டுநராகவும், பிழைத்தவர் வெறும் முறிந்த காலாகவும் ஏட்டிலே நிலைபெறுகின்றனர். இறப்பவரிலும் பார்க்கப் பிழைத்து ஊனமுறுவோர் தொகை பன்மடங்கு கூடியது என்பதை நினைவிற் கொண்டால் இதன் பாரதூரம் புலனாகும்.

இலங்கை அரசாங்க வைத்தியசாலைகளிலிருந்து உள்நோயாளர் விபரத்திரட்டு காலாண்டுதோறும் சுகாதார அமைச்சுக்கு அனுப்பப்படுகின்றது. அதனை அடிப்படையாகக் கொண்டு வெளியாகும் வருடாந்தப் பட்டியல்களில், விடுதி அனுமதிக்கான காரணங்களுள் விபத்துக் காயங்கள் பல ஆண்டுகளாக முதலிடம் வகித்து வந்துள்ளன. அத்தொகுதிக்குள் அடங்குவன எஸ் 00 முதல் டீ 19 வரையானவையும் டபிள்யூ 54உம் ஆகும். முன்னவை யாவும் காயத்தின் தன்மையைக் கூறுவன. பின்னது நாய்க்கடி! அத்தலைப்பில் நாய்க்கு ஓர் இடமுண்டு, மோட்டார் சைக்கிளுக்கு இல்லை. விசர்நாய்க்கடி நோயின் அச்சம் கருதி முன்னதைத் தனியே கவனிப்பதில் நியாயமுண்டு. ஆயினும் நாட்டின் முதன்மையான அனுமதிக் காரணம், தனது காரணத்தைத் தானே கூறாத தலைப்பொன்றினுள் ஒடுங்கிக் கிடப்பது விசித்திரமே.

பொலிஸ் பதிவேடுகளில் வாகனவகை உண்டே எனக் கேட்கலாம். உண்டு. ஆனால் எவ்வெலும்பு முறிந்தது, எத்துணை நாள் விடுதியில் கிடந்தார் என்பனவற்றைப் பொலிசார் அறியார். முறைப்பாடு செய்யப்படாத விபத்து அங்கே பதிவாவதுமில்லை. இவ்விரு தகவல்களும் ஒருவரைக் குறித்தே ஒரே ஏட்டில் அமைந்தாலன்றிப் பயன் குறைவு.

இவ்விணைப்பின் பயனுக்கு வரலாற்றிலே சான்றுண்டு. 1935இல் மோட்டார் சைக்கிள் விபத்தில் இறந்த டி. ஈ. லோரன்சுக்குச் சிகிச்சையளித்தோருள் நரம்பியல் அறுவை வைத்தியர் ஹியூ கேர்ன்சும் ஒருவர். போரின் முதல் 21 மாதங்களில் பிரித்தானிய வீதிகளில் மோட்டார் சைக்கிளில் சென்ற 2279 பேர் மாண்டமையை அவர் 1941இல் எடுத்துக்காட்டினார். தலைக்கவசம் அணிந்திருந்த ஏழு பேரின் காயங்களையும் அக்கட்டுரையில் ஆராய்ந்தார். அவ்வேழு பேரும் பிழைத்தவர்கள். அவ்வாண்டு நவம்பரில் இராணுவத்தினருக்குத் தலைக்கவசம் கட்டாயமாக்கப்பட்டது. மண்டைக்காயங்கள் யாவும் ஒரே குவியலாகக் கிடந்திருப்பின் இத்தகைய வாதத்தை எழுப்பியிருத்தல் இயலாது. பிரித்தானியக் குடிமக்களுக்கு அச்சட்டம் வர 1973 வரை காத்திருக்க வேண்டியிருந்தமை வேறு கதை.

பிறிதொரு பகுதி இதனினும் புறக்கணிக்கப்பட்டுள்ளது. பத்தாம் திருத்தம், விபத்தின்போது ஒருவர் ஈடுபட்டிருந்த செயலைக் குறிக்கத் தனியிலக்கம் தருகின்றது. அவற்றுள் 2 என்பது வருமானத்துக்காக உழைக்கையில் எனப் பொருள்படும். உணவுப் பொதிகளையும் கடிதப் பொதிகளையும் மோட்டார் சைக்கிளில் காவித்திரியும் இளைஞர்களுக்கு இவ்வொற்றை இலக்கம் எத்துணை முக்கியமானது! அது எழுதப்படும்போது அக்காயம் தொழிற்காயமாகின்றது. நட்டஈடு பற்றியும் வேலைநேரம் பற்றியும் தொழில்வழங்குநரிடம் கேள்வி எழுப்பத் தொகையான சான்று கிடைக்கின்றது. எழுதப்படாவிடின் அது இளைஞரின் வேகமாகவும் விதியாகவும் கழிந்துவிடும். ஆனால் இவ்விலக்கம் விருப்பத்துக்குரியது, கட்டாயமானதன்று.

ஐக்கிய அமெரிக்காவில் குறியீடு கட்டணப் பட்டியலோடு பிணைந்தது. அங்கு 2015 ஒக்டோபர் முதல் வழங்கும் விரிவாக்கம் எலும்பு முறிவொன்றை நுணுகி நுணுகிப் பிரிக்கின்றது. எனினும் வெளிக்காரணத்தைக் குறிக்குமாறு நாடளாவிய கட்டாயம் எதுவுமில்லை. பணம் முறிவுக்கே வழங்கப்படுகின்றதன்றோ! இலவச மருத்துவம் நிலவும் நம் நாட்டில் அத்தகைய வணிக நிர்ப்பந்தம் அரச வைத்தியசாலைக்கு இல்லை. இங்குள்ள தடை வேறு: நெரிசல் மிகுந்த விடுதியில் இரவு நேரத்தில் எழுதப்படும் ‘வீதி விபத்து’ என்ற இரண்டு சொற்கள். குறியீட்டாளர் எவ்வளவு திறமையுடையவராயினும் அவ்விரு சொற்களிலிருந்து அவர் பெறக்கூடியது வீ 89.2, அதாவது விபரம் குறிப்பிடப்படாத மோட்டார் வாகன விபத்து மாத்திரமே. 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த பதினோராம் திருத்தமாயினும் இதற்கு விலக்கன்று. நோயாளர் எதில் சென்றார், ஓட்டினாரா உடன் சென்றாரா, எதனோடு மோதினார், அப்போது வேலையில் இருந்தாரா என நான்கு கேள்விகளை அனுமதிப் படிவத்திலேயே அச்சிட்டுவிட்டால், விடுதித் தாதியொருவர் ஒரு நிமிடத்தில் நிரப்பிவிடலாம்.