தன் குரலில் பாடிய நடிகை

1950களின் ஹாங்காங் படங்களில் கதாநாயகி பாடுகிறாள் என்றால், பல நேரம் அந்தக் குரல் இன்னொருவருடையது. பின்னணிப் பாட்டு நமக்குப் புதிதா என்ன? ‘தி கிங்டம் அண்ட் தி பியூட்டி’யில் லின் டாய் வாயசைத்தார், பாடியவர் ஜிங் டிங். இந்தக் கூட்டத்தில் தானே பாடி, தானே ஆடி, தானே நடித்தவர் கிரேஸ் சாங். சீனர்களுக்கு அவர் கெ லான். 1953இல் வந்தார், 1964இல் விலகிவிட்டார். அதற்குள் அவர் செய்ததைப் பார்த்தால் எனக்கு இன்றும் பிரமிப்புதான்.

ஒன்றை முதலில் சொல்லிவிட வேண்டும். ஹாங்காங் தெருக்களில் பேசுவது கான்டனீஸ். இவர் நடித்ததோ மாண்டரின் படங்களில். 1949இல் சீனாவில் கம்யூனிஸ்ட் ஆட்சி வந்ததை ஒட்டி ஷாங்காயிலிருந்து இயக்குநர்கள், இசையமைப்பாளர்கள், நடிகர்கள் என்று பலர் ஹாங்காங் வந்து சேர்ந்தார்கள். அவர்களோடு மாண்டரின் படமும் வந்தது. சீனாவில் கதவு அடைபட்டதால், தைவான், சிங்கப்பூர், மலாயா ரசிகர்களை நம்பித்தான் அந்தப் படங்கள் பிழைத்தன. கிரேஸ் சாங்கின் நல்ல படங்களுக்குப் பணம் போட்டதும் சிங்கப்பூர்க்காரர்தான்: கேத்தே நிறுவனத்தின் லோக் வான் தோ. பறவைப் பித்துக்கொண்ட மனிதர். நம் சாலிம் அலியின் நண்பர், அவருடைய ஆய்வுப் பயணங்களுக்கு உதவியவர்.

1957இல் வந்த ‘மாம்போ கேர்ள்’ அவரை நட்சத்திரமாக்கியது. ஆடும் கால்களில்தான் படமே தொடங்குகிறது. அதற்குப் பிறகுதான் முகம். பொம்மைக் கடைக்காரர் வீட்டுச் செல்லப் பெண், தான் வளர்ப்பு மகள் என்று அறிந்து, பெற்றவளைத் தேடிக் கிளம்புகிறாள். இரவு விடுதியொன்றின் கழிவறையில் வேலை பார்க்கும் பெண்ணிடம் போய் நிற்கிறாள். அவள்தான் தாய். ஆனால் அவளோ, தான் இல்லை என்று மறுத்துவிடுகிறாள். மகளின் நல்வாழ்வு கெட்டுவிடக் கூடாதே என்ற பயம். ஆட்டத்துக்காகப் போட்ட படத்தில் இப்படி ஒரு காட்சி! சற்றுமுன் மாம்போ ஆடிய அதே பெண்தான் இவள் என்று நாம் துளியும் சந்தேகப்படுவதில்லை. குரலும் உடம்பும் ஒருவருடையதாகவே இருப்பதன் பலன் அது.

‘ஏர் ஹோஸ்டஸ்’ (1959) வண்ணப் படம், பார்க்க இனிமை, அவ்வளவுதான். மறு ஆண்டு வந்த ‘தி வைல்ட், வைல்ட் ரோஸ்’ வேறு ரகம். ‘கார்மென்’ ஓபராவை ஹாங்காங் இரவு விடுதிக்குள் கொண்டுவந்து வைத்தார் இயக்குநர் வாங் தியான்லின். இசை, ஜப்பானின் ரியோய்ச்சி ஹத்தோரி. ஓபராவுக்குரிய உச்சக் குரலில் பாடுகிறார் கிரேஸ் சாங். அடுத்த பாட்டில் ஜாஸுக்காகக் கரகரக்கிறார். இவ்வளவையும் ஒரே தொண்டை தாங்கியது.

1961இல் திருமணம், 1964இல் நடிப்பு நின்றது. அதே ஆண்டு ஜூன் 20 அன்று தைவானில் நடந்த விமான விபத்தில் லோக் வான் தோவும் அவர் மனைவியும் நிறுவனத்தின் முக்கிய நிர்வாகிகளும் இறந்தார்கள். இவருக்கேற்ற படங்களை எடுத்த நிறுவனம் அதன் பிறகு பழைய பலத்துக்குத் திரும்பவில்லை.

பாட்டுகள் மட்டும் ஓயவில்லை. மலேசியாவில் பிறந்த சாய் மிங்லியாங் 1998இல் எடுத்த ‘தி ஹோல்’ படத்தின் நடனக் காட்சிகள் எல்லாமே கிரேஸ் சாங்கின் பாடல்களுக்குத்தான். நீங்கள் பார்க்கத் தொடங்குவதானால் ‘மாம்போ கேர்ள்’ முதலில், ‘ரோஸ்’ பிறகு. மூன்றே ஆண்டுகளில் அவர் எவ்வளவு தூரம் போயிருக்கிறார் என்பது அந்த வரிசையில்தான் தெரியும்.