பனிப்பூவைப் படம் பிடித்தவர்

ஒரு நல்ல புகைப்படத்தைப் பார்த்தவுடன் "ஆகா!" என்று வியக்கிறோமே, அது ஒரு மகிழ்ச்சி. அதன் அடியில் எழுதியிருக்கும் நான்கு வரி விளக்கத்தைப் படித்துவிட்டு அதே படத்தை மீண்டும் பார்ப்பது வேறொரு மகிழ்ச்சி. முதலில் பார்த்தபோது கண்ணில் படாத பலவும் இப்போது படும். இந்த இரண்டாம் மகிழ்ச்சியை எண்ணித்தானோ என்னவோ, அமெரிக்காவின் நாசா நிறுவனம் 1995 ஜூன் 16 அன்று, நாளுக்கு ஒரு வானியல் படமும் அதற்கு ஒரு விளக்கமுமாக இணையத்தில் வெளியிடத் தொடங்கியது. வானத்துக்குச் செய்ததைப் பூமிக்கும் செய்யலாம். நாம் இன்று விண்மீனைத் தேடிப் போகவேண்டாம். தரையில் விழுந்து உருகிவிடும் ஒன்றைப் பார்ப்போம்.

அதற்கு முன், கண்ணைவிடக் காமிரா கூர்மையானது என்று உலகம் ஒப்புக்கொண்ட கதையை ஒரு சொல்லில் சொல்லிவிடுகிறேன். நாலுகால் பாய்ச்சலில் ஓடும் குதிரையை வரைந்த ஓவியர்கள், முன்னங்கால்களை முன்னே நீட்டியும் பின்னங்கால்களைப் பின்னே நீட்டியும் வரைந்து வந்தார்கள். 1878-இல் கலிபோர்னியாவில் மய்பிரிட்ஜ் என்பவர் ஓடுபாதையோரம் 12 காமிராக்களை வரிசையாக வைத்துப் படமெடுத்தார். நான்கு கால்களும் தரையைவிட்டு எழுவது உண்மைதான். ஆனால் அப்போது கால்கள் நீண்டிருக்கவில்லை, வயிற்றுக்கடியில் மடங்கியிருந்தன!

இனிப் பனிக்கு வருவோம். அமெரிக்காவின் வெர்மான்ட் மாநிலத்தில் ஒரு சிற்றூர். விவிலியத்தில் வரும் எரிகோவின் பெயர்தான் அதற்கும். அங்கே ஓர் உழவர் குடும்பத்தில் 1865-இல் பிறந்தவர் வில்சன் பென்ட்லி. அவருடைய தாய் ஆசிரியையாக இருந்தவர்; மகனுக்கு வீட்டிலேயே பாடம் சொல்லிக் கொடுத்தவரும் அவரே. மகனுக்குப் பதினைந்து வயதானபோது அந்த அன்னை கொடுத்த பரிசு ஒரு நுண்ணோக்கி. குளிர்காலத்தில் சிறுவன் அதன்கீழ் வைத்துப் பார்த்தது பனித்துகளை. வெறும் வெண்மைப் பொடியாகத் தெரிந்தது, ஆறு கிளைகளுடன் மார்கழிக் கோலம் போல் விரிந்து நின்றது! அதைத் தாளில் வரைய முயன்றான். வரைந்து முடிக்குமுன் பனி உருகிவிட்டது. மீண்டும் வரைந்தான், மீண்டும் உருகியது.

நுண்ணோக்கியோடு பொருத்தும் காமிரா ஒன்றைத் தந்தை வாங்கித் தந்தார். ஒரு விவசாயிக்கு அது பெரிய செலவு. 1885 ஜனவரி 15 அன்று, தம் பத்தொன்பதாம் வயதில், பென்ட்லி ஒரு பனிப்படிகத்தைத் தெளிவாகப் படம் பிடித்தார். அதன்பின் நாற்பத்தாறு ஆண்டுகள், பனி பெய்த நாளெல்லாம் இதே வேலை. கருப்புப் பலகையில் பனியை ஏந்துவார். நல்ல துகள் ஒன்றை மெல்லிய குச்சியால் எடுத்துக் கண்ணாடியில் வைத்து, இறகால் மெல்லத் தடவிப் படியவைப்பார். நெருப்பே மூட்டாத கொட்டகையில், தம் மூச்சுக்காற்றின் வெப்பம் படாதபடி மூச்சை அடக்கிக்கொண்டு படமெடுப்பார். இப்படி எடுத்தவை 5,000-க்கும் மேல். அக்கம்பக்கத்தார் இவரை ஒரு மாதிரியான ஆள் என்றே நினைத்தனர். கறவை மாடும் வயலும் இருக்க, பனியைப் படமெடுப்பவரை வேறென்ன நினைப்பார்கள்!

சரி, ஏன் ஆறு? ஐந்தோ எட்டோ ஏன் இல்லை? 1611-இலேயே கெப்ளர் இந்தக் கேள்வியைக் கேட்டுச் சிறுநூல் ஒன்று எழுதினார். அவருக்கு முழு விடை கிட்டவில்லை. நீரின் மூலக்கூறுகள் உறையும்போது ஆறு ஆறாகக் கைகோத்து அறுகோண வளையங்களாக அமைகின்றன. ஆகவே முதலில் உண்டாவது மிகச்சிறிய ஓர் அறுகோணத் தட்டு. அதன் ஆறு மூலைகளும் சுற்றியுள்ள ஈரக்காற்றுக்குள் சற்றே நீட்டிக்கொண்டிருப்பதால் நீராவி அங்கே முந்திக்கொண்டு படிகிறது. மூலைகள் கிளைகளாக வளர்கின்றன. ஒரு கிளை மற்றதைப் பார்த்து வளர்வதில்லை. ஆறும் ஒரே துகளில் இருப்பதால் ஒரே குளிரையும் ஒரே ஈரத்தையும் கடந்து வருகின்றன, அதனால்தான் ஒத்திருக்கின்றன. 1936-இல் ஜப்பானியப் பேராசிரியர் நாக்காயா, ஒரு முயலின் ரோமத்தின்மேல் செயற்கைப் பனிப்படிகத்தை வளர்த்துக் காட்டினார். சுழிக்குக் கீழே 15 பாகை செல்சியஸ் அளவில் நட்சத்திரங்களும், 5 பாகை அளவில் ஊசிகளும் விளைவதை இத்தகைய ஆய்வுகள் தெளிவாக்கின.

பென்ட்லியின் படங்களில் கருமையான பின்னணியில் வெண்பனி பளிச்சென்று நிற்கும். அந்தக் கருமை இயற்கையானதன்று. நெகடிவின் படியொன்றை எடுத்து, படிகத்தின் ஓரத்தைச் சுற்றியுள்ள பூச்சைக் கத்தியால் பொறுமையாகச் சுரண்டி நீக்குவார். அச்சிடும்போது சுரண்டிய இடம் கருப்பாக விழும். ஜெர்மனியின் வானிலை அறிஞர் ஹெல்மன் இதைக் கடிந்துகொண்டார். அவர் நாட்டில் எடுத்த படங்களில் பல படிகங்கள் கோணலும் மாணலுமாக இருந்தன. பென்ட்லியின் படங்களிலோ பெரும்பாலும் எல்லாம் அழகு!

யார் பக்கம் நியாயம்? பின்னணியைச் சுரண்டியதைப் பெருங்குற்றமாக நான் கருதவில்லை. மூல நெகடிவ்களைப் பென்ட்லி அழிக்கவில்லையே. ஆனால் வானிலிருந்து விழுபவற்றில் உடைந்ததும் ஒட்டியதும் ஒருபக்கம் வளர்ந்ததுமே மிகுதி. அழகானதையே பொறுக்கியெடுத்தால், பார்ப்பவர் எல்லாப் பனியும் இப்படித்தான் என்று நம்பிவிடுவார். பொய்யான படம் ஒன்றுகூட இல்லாமலே தவறான எண்ணம் உண்டாகிவிடுகிறது. "இவை தேர்ந்தெடுத்தவை" என்ற ஒரு வரி அடியில் இருந்தால் போதும், குறை நீங்கிவிடும். ஒன்றைப்போல் மற்றொன்று இராது என்று பென்ட்லி சொன்னதும் இப்படியே விளக்கம் வேண்டி நிற்பது. 1988-இல் நான்சி நைட் என்ற ஆய்வாளர், ஏறத்தாழ ஒன்றேபோன்ற இரண்டு படிகங்களைக் காட்டினார். ஆனால் அவை எளிய தூண் வடிவங்கள். கிளைவிட்ட நட்சத்திரங்களுக்குப் பென்ட்லியின் சொல் இன்னும் பொருந்தும்.

இங்கிலாந்தில் வொர்திங்டன் என்றோர் ஆசிரியர் இருந்தார். துளி விழுந்து தெறிப்பதை இருட்டறையில் மின்பொறியின் வெளிச்சத்தில் கண்டு, கண்ணில் நின்ற உருவை உடனே வரைவார். ஆண்டுக்கணக்கில் வரைந்தவை அனைத்தும் நாற்புறமும் ஒழுங்கான கிரீடங்கள். 1894-இல் அதையே புகைப்படம் எடுத்தபோது தெறிப்புகள் ஒழுங்கற்று இருந்தன. ஒழுங்கைத் தேடிய மனமே கண்ணை ஏய்த்துவிட்டது என்பதை அவர் மறைக்காமல் எழுதினார். இந்த மனிதர்மேல் எனக்குத் தனி மதிப்பு.

பென்ட்லியின் நூல் 2,400-க்கும் மேற்பட்ட படங்களோடு 1931-இல் வெளிவந்தது. அதே ஆண்டு, கிறிஸ்து பிறப்பு விழாவுக்கு இரண்டு நாள் முன்பு, டிசம்பர் 23 அன்று, அவர் நிமோனியாவால் இறந்தார்.

பனி பெய்யாத ஊரில் இருக்கிறோமே என்று வருந்தும் மாணவியருக்கு அவருடைய மற்றொரு சோதனையைச் சொல்கிறேன். மழைத்துளியின் பருமனை அளக்க அவர் கையாண்ட கருவி சமையலறை மாவு! அகன்ற தட்டில் சலித்த மைதாவை ஓர் அங்குல உயரத்துக்குப் பரப்புங்கள். மழையில் சில நொடிகள் மட்டும் திறந்து காட்டி உடனே மூடிவிடுங்கள். ஒவ்வொரு துளியும் ஓர் உருண்டையாகும். காய்ந்தபின் சல்லடையில் சலித்து உருண்டைகளை அளந்து பாருங்கள். தூறலையும் ஐப்பசி அடைமழையையும் தனித்தனித் தட்டில் பிடித்தால் வேறுபாடு தெரியும். பென்ட்லி கண்ட மிகப்பெரிய துளி ஏறக்குறைய கால் அங்குலம். அதற்குமேல் பெருத்தால் துளி விழும்போதே காற்று அதை உடைத்துவிடுகிறது.