முத்திரை மாறிய செயலிகள்

பள்ளி முடிந்து வீடு திரும்பும் மாணவர் பலரின் கையில் இன்று தந்தையின் கைப்பேசி தவழ்கின்றது. காசு கொடுத்துப் பெற வேண்டிய விளையாட்டு வசதிகள் யாவும் இலவசமாகத் திறந்துவிடப்பட்ட ‘மோட்’ பதிப்பு என்று நண்பன் ஓர் இணைப்பை அனுப்புகின்றான். அதைத் தொட்டதும் ஏபிகே என்னும் கோப்பு இறங்குகின்றது. குடும்பத்தின் வங்கிக் கணக்கும் அதே கைப்பேசியில் உள்ளது என்பதை மாணவர் எண்ணுவதில்லை. கோப்பு இறங்கியதைப் பெற்றோர் அறிவதுமில்லை.

இக்கோப்பின் இயல்பை நாம் சற்று ஆராய்வோம். ஆண்ட்ராய்டு செயலி ஒவ்வொன்றும் அதனை உருவாக்கியவரின் மின்னியல் முத்திரையைத் தாங்கியே வெளிவருகின்றது. உள்ளே ஓர் எழுத்தை மாற்றினாலும் அம்முத்திரை செல்லாததாகிவிடும். ஆதலின், மாற்றியமைப்பவர் தம் சொந்த முத்திரையை இட்டே அதனை வெளியிடுதல் வேண்டும். பழைய செயலியை நீக்கிவிட்டுப் புதியதை ஏற்றுமாறு அவர்கள் கூறுவதன் காரணம் இதுவே. முத்திரை வேறானால், பழையதன்மேல் புதியதை ஏற்றக் கைப்பேசி இசையாது. மூலச் செயலியை உருவாக்கியவர் பின்னர்ச் செய்யும் பாதுகாப்புத் திருத்தங்களும் அதனை வந்தடையா.

எஃப்எம் வாட்ஸ்அப் என்பது வாட்ஸ்அப்பின் மாற்றுப் பதிப்பு. அதன் ஒரு வெளியீட்டினுள் ‘டிரையாடா’ என்னும் தீநிரல் மறைந்திருந்ததை 2021 ஆகஸ்டில் காஸ்பர்ஸ்கை நிறுவனத்தார் கண்டறிந்தனர். குறுஞ்செய்திகளைப் படிக்கும் உரிமையை அச்செயலி முன்னரே கேட்டுப் பெற்றிருந்தமையால், அத்தீநிரலுக்கும் அவ்வுரிமை கிட்டிற்று. வங்கியின் ஒருமுறைக் கடவு எண் குறுஞ்செய்தியாக வருமாயின், திருடன் அதையும் படித்துவிடலாம் அன்றோ? விளையாட்டுச் செயலிக்குக் குறுஞ்செய்தியைப் படிக்கும் உரிமை எதற்கு என்று பெற்றோர் கேட்பாராக. பார்வை குன்றியோர் போன்றோருக்கென அமைந்த ‘அணுகல்தன்மை’ அனுமதி இன்னும் கொடியது. அதைப் பெற்ற செயலி, திரையைப் படிக்கவும் நமக்காகப் பொத்தானை அழுத்தவும் வல்லது. இத்தகைய அனுமதிகளைக் கேட்கும் வெளிக்கோப்புகள் சில வழிகளில் இறங்குங்கால் அவற்றைத் தடுக்கும் முயற்சியைக் கூகுள் 2024 பிப்ரவரியில் சிங்கப்பூரில் தொடங்கியது.

பிளே ஸ்டோரிலும் தீய செயலிகள் புகுந்ததுண்டு, மறுக்கவில்லை. ஆயினும், ஆங்குக் கண்டறிந்து நீக்குவதற்கு ஒருவர் உளர்.

ஐயத்திற்குரிய கோப்பு ஏற்கெனவே ஏறியிருப்பின், உடனே இணையத் தொடர்பைத் துண்டியுங்கள். பணம் பறிபோயிருப்பின், வேறொரு கைப்பேசியிலிருந்து வங்கியையோ, மலேசியாவில் 2022 அக்டோபரில் தொடங்கப்பெற்ற தேசிய மோசடி எதிர்வினை மையத்தின் 997 என்னும் எண்ணையோ தாமதமின்றி அழையுங்கள். பிள்ளையைக் கடிவதைப் பின்னர் வைத்துக்கொள்ளலாம். அஞ்சிய பிள்ளை எந்தக் கோப்பை இறக்கினோம் என்பதைச் சொல்லாது.