திரை கருத்தால் பதறாதீர்கள்

கிராபிக்ஸ் கார்டுக்குப் புது டிரைவர் போடும்போது திரை திடீரென்று கருத்துப்போகும். சில நொடியில் திரும்ப வரும், மறுபடி போகும், ஐகான்கள் பூதாகாரமாகத் தெரியும், அப்புறம் தானாகச் சரியாகும். இது இயல்புதான் என்று முன்கூட்டி யாரும் சொல்வதில்லை. ப்ளஸ் டூ படிக்கும் என் தங்கை மகனுக்கும் யாரும் சொல்லவில்லை. திரை கருத்ததும் பயந்துபோய் பவர் பட்டனை அழுத்திப் பிடித்துவிட்டான். மறுபடி போட்டால் லோகோ வரை வருகிறது, அதற்குமேல் ஒன்றும் இல்லை. “மாமா, கார்டு எரிஞ்சுபோச்சா?” என்று போனில் கேட்டபோது குரல் உடைந்திருந்தது. அவன் அப்பா சீட்டு எடுத்து வாங்கிக் கொடுத்த கார்டு அது.

கார்டு எரியவில்லை. டிரைவர்தான் பாதியில் அறுந்துபோயிருந்தது. விண்டோஸ் பேசுவது ஒரு மொழி, கார்டுக்குள் இருக்கும் சிப்புக்குப் புரிவது வேறு மொழி. நடுவில் நிற்கும் துபாஷிதான் டிரைவர். அவன் தடுமாறினால் இரண்டு பக்கமும் நன்றாக இருந்தும் வேலை நடக்காது. 2007-இல் விண்டோஸ் விஸ்டா வந்தபோது கிராபிக்ஸ் டிரைவர்களின் கட்டமைப்பையே மைக்ரோசாஃப்ட் மாற்றியது. அந்தக் காலத்தில் பதிவான விஸ்டா முடக்கங்களில் 28.8 சதவீதம் என்விடியா டிரைவர்களால் நேர்ந்தவை என்று மைக்ரோசாஃப்டின் உள்கணக்கே சொன்னது. பின்னால் ஒரு வழக்கில் வெளியான மின்னஞ்சல்களில்தான் அது ஊருக்குத் தெரிந்தது.

அதைவிடப் பெரிய பாடம் 2010 மார்ச்சில் கிடைத்தது. என்விடியா வெளியிட்ட 196.75 என்ற பதிப்பு, சில கார்டுகளில் ஃபேனின் வேகத்தைச் சரியாகக் கட்டுப்படுத்தவில்லை. கேம் ஓட ஓடச் சூடு ஏறியது. புகார்கள் குவிந்ததும் சில நாட்களிலேயே அதைத் திரும்பப் பெற்றார்கள். வந்த அன்றே ஆசையாகப் போட்டவர்கள்தான் மாட்டிக்கொண்டார்கள். ஒரு வாரம் பொறுத்தவர்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. அதனால்தான் சொல்கிறேன்: புதிய பதிப்பு வந்துவிட்டது என்பது மட்டும் அதைப் போடக் காரணமாகாது. புதிதாக வாங்கிய கேமோ எடிட்டிங் சாஃப்ட்வேரோ அதைக் கேட்க வேண்டும், அல்லது உங்களைத் தொல்லைப்படுத்தும் கோளாறு அதில் தீர்ந்திருக்க வேண்டும். பாதுகாப்புத் திருத்தம் என்றால் மட்டும் தள்ளிப்போடக் கூடாது. டிரைவர் விண்டோஸின் அடித்தளம் வரை கைவைக்கும் உரிமை உள்ள நிரல். அதில் ஓட்டை இருந்தால் திருடனுக்குக் கொல்லைக்கதவைத் திறந்து வைத்த மாதிரி.

அதே காரணத்தால், எங்கிருந்து எடுக்கிறோம் என்பதில் எனக்குச் சமரசமே கிடையாது. ‘உங்கள் டிரைவர்கள் பழசாகிவிட்டன’ என்று பிரவுசரில் குதிக்கும் விளம்பரத்தைத் தொடவே கூடாது. 2022-இல் லாப்சஸ் என்ற கும்பல் என்விடியாவுக்குள் புகுந்து, டிரைவரில் கையொப்பமிடப் பயன்பட்ட சான்றிதழ்களையும் களவாடி வெளியிட்டது. காலாவதியான சான்றிதழ்கள்தான், ஆனாலும் அவற்றை வைத்துக் கையெழுத்திட்ட வைரஸ்கள் உலவின. டெஸ்க்டாப் என்றால் சிப் தயாரித்த என்விடியா, ஏ.எம்.டி., இன்டெல் தளங்களுக்கே நேராகப் போங்கள். லேப்டாப் என்றால் முதலில் லேப்டாப் கம்பெனியின் தளத்தில் உங்கள் மாடல் நம்பரைப் போட்டுத் தேடுங்கள். அந்த மாடலுக்கென்றே சில மாற்றங்கள் செய்து வைத்திருப்பார்கள்.

தங்கை மகன் கதைக்கு வருகிறேன். விண்டோஸ் இரண்டு மூன்று தடவை எழ முடியாமல் போனால் தானாகவே நீலநிற ரெக்கவரி திரைக்கு வரும். அங்கிருந்து சேஃப் மோடுக்குப் போகலாம். சேஃப் மோடில் கார்டின் டிரைவர் ஓடாது, விண்டோஸ் தன்னிடம் உள்ள சாதாரண டிரைவரை வைத்துப் படம் காட்டும். போனிலேயே வழி சொல்லிக்கொண்டு வந்தேன். திடீரென்று, “48 நம்பர் கேக்குது மாமா” என்றான். பிட்லாக்கர் பூட்டு! டிஸ்க் பூட்டப்பட்டிருப்பதே அந்த வீட்டில் யாருக்கும் தெரியாது. சாவி அவன் அப்பாவின் மைக்ரோசாஃப்ட் கணக்கில் இருந்தது. அப்பா ஷிஃப்டில். இரவு அவர் வந்து, பாஸ்வேர்டை ஞாபகப்படுத்தி, 48 இலக்கத்தையும் ஒவ்வொன்றாகத் தட்டும்போது மணி பத்தரை. பிறகு டிவைஸ் மேனேஜருக்குள் போய், டிஸ்ப்ளே அடாப்டரில் ‘ரோல் பேக் டிரைவர்’ கொடுத்தோம். பழைய டிரைவர் திரும்பியது, திரையும் வந்தது.

அந்தப் பட்டன் மங்கிக் கிடந்தால் பழைய பதிப்பு சேமிப்பில் இல்லை என்று பொருள். அப்போது டி.டி.யு. என்ற இலவசக் கருவியைக் கொண்டு டிரைவரைச் சுத்தமாகத் துடைத்துவிட்டுப் புதிதாகப் போட வேண்டும். துடைப்பதற்கு முன் நெட்டைக் கழற்றிவிடுங்கள். இல்லாவிட்டால் விண்டோஸ் அப்டேட் முந்திக்கொண்டு தன்னிடம் உள்ள ஏதாவது ஒன்றைப் போட்டுவிடும்.

இந்த அலைச்சலைத் தவிர்க்க அரைமணி நேரம் ஒதுக்கினால் போதும். பிட்லாக்கர் சாவியைத் தாளில் எழுதி வையுங்கள். சிஸ்டம் ரெஸ்டோர் அணைந்து கிடக்கிறதா என்று பார்த்து, கிடந்தால் இயக்கிவிட்டு, ஒரு ரெஸ்டோர் பாயின்ட் உருவாக்குங்கள். இப்போது நன்றாக ஓடும் பதிப்பின் இன்ஸ்டாலரையும் ஒரு பென் டிரைவில் போட்டு வைப்பது நல்லது. நடுவில் கரண்ட் போனாலும் பவர் பட்டனை அழுத்திய கதைதான். யு.பி.எஸ். இல்லாத வீட்டில் மழைநாளில் இந்த வேலையே வேண்டாம். லேப்டாப்பைச் சார்ஜரில் செருகிக்கொள்ளுங்கள். திரை கருத்தால் கையைக் கட்டிக்கொண்டு பொறுத்திருங்கள். பல நிமிஷம் ஆகியும் வராவிட்டால் விண்டோஸ் கீ, கண்ட்ரோல், ஷிஃப்ட், பி (B) நான்கையும் சேர்த்து அழுத்திப் பாருங்கள். கிராபிக்ஸ் டிரைவர் மட்டும் புதிதாக எழும்.

பழைய கார்டு வைத்திருப்பவர்களுக்கு ஒரு சேதி. ஜி.டி.எக்ஸ். 1050, 1060 உள்ளிட்ட பாஸ்கல் வரிசைக்குக் கேம்களுக்கான டிரைவர் 2025 அக்டோபரோடு நிற்கும், 2028 அக்டோபர் வரை காலாண்டுக்கு ஒருமுறை பாதுகாப்புத் திருத்தம் மட்டும் வரும் என்று என்விடியா 2025-இல் அறிவித்தது. சென்னை ரிச்சி தெருவில் செகண்ட் ஹேண்ட் கார்டு பேரம் பேசுபவர்கள், அந்த மாடலுக்கு டிரைவர் எதுவரை வரும் என்பதை அங்கேயே செல்போனில் பார்த்துவிட்டுப் பணத்தை எடுங்கள்.