ஷீராஸ்காரர் எழுதிய குதிரைக் கணக்கு

ஒரு குதிரைக்கு 220 செம்பொன் தினார். வழியில் கடலிலேயே செத்துப்போனாலும் பாண்டியன் கஜானாவிலிருந்து அந்தத் தொகை வந்துவிட வேண்டும். இப்படி ஓர் ஒப்பந்தம் இருந்ததை நமக்குச் சொல்வது ‘தாரீக்-இ-வஸ்ஸாஃப்’ என்ற பாரசீக வரலாற்று நூல்.

எழுதியவர் ஷீராஸ் நகரத்து அப்துல்லா. ஈரானை ஆண்ட மங்கோலிய இல்கான்களிடம் வரி அதிகாரியாக இருந்தவர். ‘வஸ்ஸாஃப்’ என்றால் புகழ்பாடி. அரசவை தந்த பட்டம். நடையோ அணிமேல் அணி. 1312-ல் சுல்தான் உல்ஜைத்து முன்னால் நூலை வாசித்துக் காட்டியபோது, அவருக்கு வரிவரியாக விளக்க வேண்டியிருந்ததாம்!

நமக்கு வேண்டியது அந்த அலங்காரமல்ல, உள்ளே கிடக்கும் கணக்கு. கொல்லத்திலிருந்து நெல்லூர் வரையிலான கரையை வஸ்ஸாஃப் ‘மாபார்’ என்கிறார். பாரசீக வளைகுடாவின் கைஸ் தீவிலிருந்து ஆண்டுக்கு 1,400 குதிரைகளைத் தன் சொந்த மந்தையிலிருந்து இங்கே அனுப்பியவர் ஜமாலுத்தீன் என்ற பெருவணிகர். அவருடைய சகோதரர் தகியுத்தீன் இங்கே பாண்டியனுக்கு அமைச்சர். காயல் முதலிய துறைமுகங்கள் அவர் கையில். விற்பவர் அண்ணன், வாங்கும் இடத்தில் தம்பி!

வந்த குதிரைகள் என்ன ஆயின? நாற்பது நாள் முளையடித்துக் கட்டிப்போட்டு, வறுத்த வாற்கோதுமையும் வெண்ணெய் சேர்த்த தானியமும் தின்னக் கொடுத்து, காய்ச்சிய பசும்பாலைக் குடிக்க வைத்தார்களாம். பிறகு பயிற்சியோ அங்கவடியோ இல்லாமல் வீரர்கள் ஏறி விரட்ட, சீக்கிரமே அவை தளர்ந்து ஒன்றுக்கும் உதவாமல் போயின. அதனால் அடுத்த ஆண்டும் கப்பல் வந்தது. மார்க்கோ போலோவும் ஏறக்குறைய இதையேதான் சொல்கிறார்.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பாண்டியன் ஆண்டுக்குப் பத்தாயிரம் குதிரை வாங்கினான் என்று புத்தகத்துக்குப் புத்தகம் எழுதுகிறார்கள். வஸ்ஸாஃப் அப்படிச் சொல்லவில்லை. அந்த எண்ணிக்கை, ஷீராஸை ஆண்டு 1260-ல் இறந்த அதாபேக் அபூபக்கர் காலத்தது. அதுவும் மாபார், குஜராத்தின் காம்பே, பக்கத்துத் துறைமுகங்கள் எல்லாம் சேர்ந்து. அதன் மதிப்பு 22 லட்சம் தினார் என்கிறார். 220-ஐப் பத்தாயிரத்தால் பெருக்கிப் பாருங்கள்; சரியாக இருக்கும். வரிக்காரர் அல்லவா!

துறைமுகத்தை விட்டு அரண்மனைக்குள் போனதும் அவர் பேச்சைக் கொஞ்சம் தள்ளிவைத்தே கேட்க வேண்டியிருக்கிறது. மதுரைக் கருவூலத்தில் 1,200 கோடிப் பொன் என்பதை யார் எண்ணிப் பார்த்தது? பாண்டிய மன்னன் மாறவர்மன் குலசேகரன் நாற்பது ஆண்டுக்கு மேல் ஆண்டான் என்பது சரி. 1268-ல் பட்டம் ஏறியதாகக் கல்வெட்டுகளிலிருந்து கணித்திருக்கிறார்கள். வீரபாண்டியனை வாரிசாக்கியதால் ஆத்திரமடைந்த சுந்தரபாண்டியன் 1310-ல் தந்தையைக் கொன்றான் என்ற புகழ்பெற்ற கதையும் வஸ்ஸாஃப் சொன்னதுதான். ஆனால் வீரன் 1297-லிருந்தும் சுந்தரன் 1303-லிருந்தும் தந்தை இருக்கும்போதே ஆட்சியாண்டு எண்ணத் தொடங்கிவிட்டவர்கள். ஒரே நேரத்தில் பல பாண்டியர் ஆளும் வழக்கம் ஷீராஸில் உட்கார்ந்திருந்தவருக்கு எந்த அளவு புரிந்திருக்கும்? கொலை நடக்கவில்லை என்று நான் சொல்லவில்லை. அவருக்கு வந்தது வணிகர் வாய்ச்செய்தி என்கிறேன்.

அந்த வணிகர்களுக்கு நேரடியாகத் தெரிந்திருக்கக்கூடிய அரண்மனைச் செய்தி ஒன்றும் நூலில் உண்டு. 1303-ல் தகியுத்தீன் இறந்ததும் மன்னன் அவர் சொத்தை எடுத்துக்கொள்ளப் பார்த்தான். மகன் சிராஜுத்தீன் இரண்டு லட்சம் தினார் கட்டிச் சொத்தைக் காப்பாற்றிக்கொண்டார். தந்தை வகித்த பதவியும் அவருக்கே வந்தது.